காலத்தை வளைக்கும் கருவி: கதையில் ஒன்று, சுவரில் ஒன்று, ஊட்டியில் ஒன்று

காலை மணி 6.45. பாயான் பாருவில் இன்னும் விடியவில்லை. அடுக்குமாடி வீடுகளுக்குக் கீழே பள்ளி வேன் ஒன்று விளக்கைப் போட்டபடி காத்திருக்கிறது. சாலையின் மறுபக்கம் பாயான் லெப்பாஸ் தொழிற்பேட்டைக்குப் பகல் வேலைக்குச் செல்பவர்கள் தொழிற்சாலைப் பேருந்தில் ஏறிக்கொண்டிருக்கிறார்கள். வேனில் ஏறும் மாணவனுக்கும் பேருந்தில் ஏறும் அக்காவுக்கும் அந்த நேரத்தில் ஒரே ஆசைதான். இன்னும் ஒரு மணி நேரம் தூங்கியிருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்!

அந்த ஒரு மணி நேரத்தை எங்கிருந்தாவது எடுத்துக் கொடுக்கும் கருவி ஒன்று கையில் இருந்தால்? நேற்று இரவுக்குத் திரும்பிப் போய்க் கொஞ்சம் முன்னதாகப் படுத்துவிட்டு வரலாம். தேர்வுக்கு முதல் நாள் மாலையை இரண்டு முறை வாழலாம். இந்தக் கற்பனை நம் எல்லோருக்கும் ஒருமுறையாவது வந்திருக்கும்.

காலத்தை மாற்றும் கருவிகள் மூன்று வகை உண்டு. ஒன்று கதைகளில் இருக்கிறது. இன்னொன்று நம் வீட்டுச் சுவரில் தொங்குகிறது. மூன்றாவது இயற்பியல் ஆய்வகங்களில் இருக்கிறது. அவற்றில் ஒன்று தமிழ்நாட்டின் ஊட்டி மலையில் உள்ளது. மூன்றையும் ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

கதையில் வரும் கருவி

ஆங்கில எழுத்தாளர் எச்.ஜி. வெல்ஸ் 1895இல் எழுதிய 'தி டைம் மெஷின்' என்ற நாவலுக்குப் பிறகுதான் 'கால இயந்திரம்' என்ற எண்ணம் உலகம் முழுவதும் பரவியது. தமிழில் நமக்கு அதிகம் பழக்கமானவை திரைப்படங்கள்.

2015இல் ஆர். ரவிக்குமார் இயக்கத்தில் வந்த 'இன்று நேற்று நாளை' படத்தில், எதிர்காலத்திலிருந்து வந்த ஓர் இயந்திரம் இரண்டு நண்பர்களின் கையில் கிடைக்கிறது. 2016இல் விக்ரம் குமார் இயக்கத்தில் சூர்யா மூன்று வேடங்களில் நடித்த '24' படத்தில் அந்தக் கருவி ஒரு கைக்கடிகாரம். 2021இல் வெங்கட் பிரபுவின் 'மாநாடு' படத்தில் கதாநாயகன் ஒரே நாளில் திரும்பத் திரும்பச் சிக்கிக்கொள்கிறார். 2023இல் வந்த 'மார்க் ஆண்டனி' படத்தில் கடந்த காலத்துக்கு அழைக்கும் தொலைபேசி வருகிறது.

இந்தக் கதைகளைக் கூர்ந்து பார்த்தால் ஓர் ஒற்றுமை தெரியும். கருவிக்கு ஒரு வரம்பு இருக்கும். பயன்படுத்துபவர் ஒரு விலையும் கொடுத்தாக வேண்டும். '24' படத்தின் பெயரே அந்தக் கடிகாரத்தின் 24 மணி நேர வரம்பைச் சொல்கிறது. அந்தக் கடிகாரத்துக்காகவே அதைக் கண்டுபிடித்த விஞ்ஞானியின் குடும்பம் சிதறிப்போகிறது. 'இன்று நேற்று நாளை'யில் நண்பர்கள் கடந்த காலத்துக்குப் போய்ச் செய்யும் சிறு குழப்பத்தால், இறந்திருக்க வேண்டிய ஒரு ரவுடி உயிர் பிழைத்துவிடுகிறான். பிறகு அவனே அவர்கள் வாழ்க்கைக்குள் வந்து நிற்கிறான்.

வரம்பும் விலையும் இல்லாத கருவி கதைக்கு உதவாது. எந்தத் தவறையும் உடனே சரிசெய்ய முடியுமானால், பார்ப்பவர் எதற்குக் கவலைப்பட வேண்டும்? ஆகவே காலக் கருவி எதைக் கண்டாலும் இரண்டு கேள்விகளைக் கேட்கலாம். இது உண்மையில் எதை மாற்றுகிறது? அதற்கான விலையை யார் கொடுக்கிறார்கள்? இந்த இரண்டு கேள்விகளையும் கையில் வைத்துக்கொண்டு திரையரங்கை விட்டு வெளியே வருவோம்.

சுவரில் தொங்கும் கருவி

ஜார்ஜ் டவுனில் கார்ன்வாலிஸ் கோட்டைக்கு அருகில் விக்டோரியா மகாராணி நினைவு மணிக்கூண்டு நிற்கிறது. அரசியின் ஆட்சிக்கு 60 ஆண்டுகள் நிறைவானதைக் குறிக்க, ஆண்டுக்கு ஓர் அடி என்ற கணக்கில் 60 அடி உயரத்தில் அதைக் கட்டினார்கள். செலவை ஏற்றவர் பினாங்குச் செல்வந்தர் சியா சென் இயோக். 1902இல் அது கட்டி முடிக்கப்பட்டபோது அரசி உயிருடன் இல்லை. அந்தக் கூண்டு எழுந்த பிறகு இந்த நாட்டின் நேரம் பலமுறை மாற்றப்பட்டுவிட்டது.

பூமி 24 மணி நேரத்தில் 360 பாகை சுழல்கிறது. அதாவது ஒரு பாகைக்கு 4 நிமிடம். பினாங்கு கிழக்குத் தீர்க்கரேகை ஏறத்தாழ 100.3 பாகையில் இருக்கிறது. கணக்குப் போட்டால், பினாங்கின் சொந்தச் சூரிய நேரம் கிரீன்விச் நேரத்தைவிட 6 மணி 41 நிமிடம் முன்னால் இருக்க வேண்டும். முற்காலத்தில் ஒவ்வோர் ஊரும் இப்படித் தன் தலைக்கு மேல் சூரியன் வரும் நேரத்தையே நண்பகலாக வைத்துக்கொண்டது. ரயிலும் தந்தியும் வந்த பிறகு அது சிக்கலானது. ஊருக்கு ஊர் நேரம் மாறினால் ரயில் அட்டவணையை எப்படி எழுதுவது?

1905 ஜூன் 1ஆம் தேதி, 105ஆவது தீர்க்கரேகையின் நேரம் பொது நேரமானது. அது கிரீன்விச்சைவிட 7 மணி நேரம் முன்னால். பினாங்கின் கடிகாரம் சூரியனைவிட 19 நிமிடம் முந்திக்கொண்டது. 1933இல் மாலை வெளிச்சத்தை அதிகம் பயன்படுத்துவதற்காக மேலும் 20 நிமிடம் கூட்டினார்கள். 1941 செப்டம்பரில் இன்னும் 10 நிமிடம் கூட்டினார்கள்.

அடுத்து வந்தது ஜப்பானிய ஆட்சி. தோக்கியோவில் என்ன மணியோ அதுவே மலாயாவிலும் மணி என்று ஆணையிடப்பட்டது. கடிகாரம் ஒரேயடியாக ஒன்றரை மணி நேரம் தாவியது. பினாங்கில் காலை எட்டு மணி அடித்த பிறகே சூரியன் உதித்தது. 1945இல் ஜப்பானியர் சரணடைந்த பிறகு பழைய நேரம் திரும்பியது.

கடைசி மாற்றத்தை உங்கள் தாத்தா, பாட்டி நினைவில் வைத்திருப்பார்கள். 1981 டிசம்பர் 31ஆம் தேதி இரவு மணி 11.30 ஆனதும், தீபகற்ப மலேசியாவில் கடிகாரங்களை நேராக நள்ளிரவு 12.00க்குத் திருப்பினார்கள். சபா, சரவாக் மாநிலங்களின் நேரமும் தீபகற்பத்தின் நேரமும் ஒன்றாக வேண்டும் என்பதே காரணம். அதே ஆண்டு பிரதமரான டாக்டர் மகாதீரின் அரசு இந்த முடிவை நடைமுறைப்படுத்தியது. சிங்கப்பூரும் உடன் சேர்ந்துகொண்டது.

யோசித்துப் பாருங்கள். தீபகற்ப மலேசியாவில் 1981 டிசம்பர் 31 இரவு 11.45க்குப் பிறந்தவர் என்று ஒருவர்கூட இருக்க முடியாது. அப்படி ஒரு நேரமே கடிகாரத்தில் வரவில்லை. ஒரு நாட்டின் நாள்காட்டியிலிருந்து அரை மணி நேரம் காணாமல் போய்விட்டது!

இப்போது கூட்டிப் பாருங்கள். 19, 20, 10, 30. மொத்தம் 79 நிமிடம். பினாங்கில் நம் கடிகாரம் சூரியனைவிடச் சராசரியாக 1 மணி 19 நிமிடம் முன்னால் ஓடுகிறது. பள்ளியில் 7.30 மணி என்றால், சூரியக் கணக்கில் அப்போது விடியற்காலை 6.11. அதே கடிகாரத்தைப் பயன்படுத்தும் கோத்தா கினபாலுவில் சூரியன் நம்மைவிட ஒரு மணி நேரத்துக்கும் மேல் முன்னதாக உச்சிக்கு வந்துவிடுகிறது.

நேரத்தோடு இப்படி விளையாடியவர்கள் நாம் மட்டுமல்ல. 1792இல் தொடங்கிய சென்னை வானாய்வகத்தின் 'மெட்ராஸ் நேரம்' ஒரு காலத்தில் இந்திய ரயில்வேயின் நேரமாக இருந்தது. 1906இல் இந்தியப் பொது நேரம் வந்ததும் சென்னைக் கடிகாரங்கள் ஏறத்தாழ 9 நிமிடம் முன்னே நகர்ந்தன. இலங்கையில் 1996இல் மின்சாரப் பற்றாக்குறையைச் சமாளிக்க மே மாதம் ஒரு மணி நேரத்தைக் கூட்டினார்கள். அக்டோபரில் அதில் அரை மணி நேரத்தைக் குறைத்தார்கள். பத்து ஆண்டுகள் கழித்து, 2006 ஏப்ரலில், பழைய நேரத்துக்கே திரும்பிவிட்டார்கள்.

சுவர்க் கடிகாரத்துக்கு நம் முதல் கேள்வியைக் கேட்போம். இவ்வளவு மாற்றங்களிலும் உண்மையில் மாறியது எது? எண்கள் மட்டும்தான். சூரியன் தன் வேளையில் உதித்தது, சேவல் தன் வேளையில் கூவியது. நீங்களே இதைச் சோதிக்கலாம். பள்ளித் திடலில் ஒரு குச்சியைச் செங்குத்தாக நட்டு வையுங்கள். நிழல் மிகக் குட்டையாக இருக்கும் நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். அது 12.00 மணியாக இருக்காது. பிப்ரவரியில் 1.33 வரை தள்ளிப்போகும், நவம்பர் தொடக்கத்தில் 1.02 வரை முன்னே வரும். ஏப்ரல் 3, செப்டம்பர் 9 ஆகிய தேதிகளை ஒட்டிய நாள்களில் பினாங்கில் அந்த நேரத்தில் குச்சிக்கு நிழலே இருக்காது.

விலையைக் கொடுப்பவர் யார்?

இரண்டாவது கேள்விக்குப் பதில் நம் உடலுக்குள் இருக்கிறது.

மூளையின் அடிப்பகுதியில் ஒரு சிறிய நரம்பணுக் கூட்டம் நம் உடலின் தலைமைக் கடிகாரமாக வேலை செய்கிறது. எப்போது தூக்கம் வர வேண்டும், எப்போது உடல் வெப்பம் ஏற வேண்டும் என்பதை அதுவே முறைப்படுத்துகிறது. உயிரணுக்களுக்குள் இந்தக் கடிகாரம் எப்படி ஓடுகிறது என்பதைப் பழ ஈக்களை வைத்துக் கண்டறிந்த ஜெஃப்ரி ஹால், மைக்கேல் ரோஸ்பாஷ், மைக்கேல் யங் ஆகிய மூவருக்கும் 2017இல் மருத்துவ நோபல் பரிசு கிடைத்தது.

இந்த உள்கடிகாரத்துக்கு நாடாளுமன்றம் போடும் சட்டம் புரியாது. அதற்குப் புரிவது வெளிச்சம் ஒன்றுதான். காலை வெளிச்சம் கண்ணில் பட்டதும் அது தன்னைச் சரிசெய்துகொள்கிறது. இருட்டியதும் தூக்கத்துக்குத் தயார்ப்படுத்தும் மெலட்டோனின் சுரக்கிறது.

பதின்ம வயதில் இன்னொரு மாற்றமும் சேர்ந்துகொள்கிறது. பருவமடையும்போது இந்தக் கடிகாரம் இயல்பாகவே பின்னுக்குத் தள்ளிப்போகிறது. பத்து வயதில் ஒன்பது மணிக்கே தூங்கிவிழுந்த பிள்ளைக்குப் பதினாறு வயதில் பதினொரு மணிக்கும் தூக்கம் வருவதில்லை. "ராத்திரி முழுக்க விழித்திருந்துவிட்டுக் காலையில் எழுந்திருக்க மாட்டேன் என்கிறான்" என்று அம்மா திட்டுவதில் பாதிக்கு மகன் பொறுப்பு, மீதிப் பாதிக்கு அவன் உடல் பொறுப்பு. இரவில் படுக்கையில் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தால், அந்த வெளிச்சம் தூக்கத்தை இன்னும் தள்ளிப்போடும்.

13 முதல் 18 வயது வரை உள்ளவர்களுக்கு நாளொன்றுக்கு 8 முதல் 10 மணி நேரத் தூக்கம் தேவை என்று தூக்க மருத்துவ வல்லுநர்கள் சொல்கிறார்கள். பினாங்கில் ஆண்டு முழுவதும் ஒருநாள்கூடச் சூரியன் காலை ஏழு மணிக்கு முன் உதிப்பதில்லை. ஜனவரி இறுதியிலும் பிப்ரவரியிலும் ஏழரை மணி தாண்டிய பிறகே உதிக்கிறது. ஏழரை மணிக்கு வகுப்பு தொடங்கும் மாணவர் ஆறு மணிக்குள் எழுந்தாக வேண்டும். அப்போது அவர் உடலுக்கு அது நள்ளிரவு தாண்டிய வேளை. 1982இல் நாடு முழுமைக்கும் ஒரே நேரம் கிடைத்தது. அதனால் வாணிபமும் நிர்வாகமும் எளிதாயின. விலையின் ஒரு பகுதியை மேற்குக்கரையில் இருட்டில் பள்ளிக்குக் கிளம்பும் பிள்ளைகள் கொடுக்கிறார்கள்.

இதில் ஒன்றைத் தெளிவாகப் புரிந்துகொள்ள வேண்டும். 7.30 என்ற எண்மீது குற்றம் இல்லை. கடிகாரத்தை முன்னே தள்ளிய அளவுக்கு அட்டவணையையும் தள்ளியிருந்தால் யாருக்கும் நஷ்டம் வராது. அமெரிக்கக் குழந்தை மருத்துவர்கள் சங்கம் 2014இல், இடைநிலை, உயர்நிலைப் பள்ளிகள் காலை 8.30க்கு முன் தொடங்கக் கூடாது என்று பரிந்துரைத்தது. கலிபோர்னியா மாநிலம் அதற்கெனச் சட்டமே இயற்றியது. 2022 முதல் அங்கே பெரும்பாலான உயர்நிலைப் பள்ளிகள் 8.30க்கு முன் தொடங்குவதில்லை.

நம் நாட்டில் அது எளிதல்ல. காலைப் பள்ளி தாமதித்தால் மாலைப் பள்ளியும் தாமதிக்கும். ஏழு மணிக்குத் தொழிற்சாலையில் இருக்க வேண்டிய பெற்றோர் பிள்ளையை எப்போது பள்ளியில் விடுவார்கள்? மதிய வெயிலில் புறப்பாட நடவடிக்கைகளை எப்படி நடத்துவது? இவை எல்லாம் நியாயமான கேள்விகள். ஆனாலும் அட்டவணை மனிதர் எழுதியது. மனிதர் எழுதியதைப் பேசி மாற்றலாம் என்பதை இந்த நாட்டின் கடிகாரமே நமக்குக் காட்டியிருக்கிறது.

உண்மையிலேயே காலம் வளைந்தபோது

1905 ஜூன் 1ஆம் தேதி பினாங்கு பொது நேரத்துக்கு மாறியது என்று பார்த்தோம். அதே ஜூன் மாதக் கடைசியில் சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரில், காப்புரிமை அலுவலகத்தில் வேலை பார்த்த 26 வயது இளைஞர் ஒருவர் ஆய்விதழ் ஒன்றுக்கு ஒரு கட்டுரை அனுப்பினார். பெயர் ஆல்பர்ட் ஐன்ஸ்டைன். 'எல்லோருக்கும் ஒரே நேரம்' என்று இங்கே சட்டம் வந்த அதே மாதத்தில், எல்லோருக்கும் பொதுவான நேரம் என்ற ஒன்று இயற்கையில் இல்லை என்று அவருடைய கணக்கு சொன்னது. வேகமாக நகரும் கடிகாரம் மெதுவாக ஓடும். பின்னர் அவர் இன்னொன்றையும் சேர்த்தார். ஈர்ப்புவிசை அதிகமான இடத்திலும் கடிகாரம் மெதுவாக ஓடும்.

இங்கே கடிகார முள்ளை யாரும் திருப்பவில்லை. காலமே வேறு வேகத்தில் ஓடுகிறது. அந்தக் கடிகாரத்தோடு இருப்பவரின் இதயத்துடிப்பும் அதே அளவு மாறும்.

இதைச் சோதித்துப் பார்த்த கதை சுவையானது. 1971 அக்டோபரில் ஜோசஃப் ஹாஃபலே, ரிச்சர்ட் கீட்டிங் என்ற இரு அமெரிக்கர்கள் நான்கு சீசியம் அணுக் கடிகாரங்களை எடுத்துக்கொண்டு, சாதாரணப் பயணிகள் விமானங்களில் உலகைச் சுற்றினார்கள். முதலில் கிழக்கு நோக்கி ஒரு சுற்று, பிறகு மேற்கு நோக்கி ஒரு சுற்று. திரும்பி வந்து, தரையில் இருந்த கடிகாரங்களோடு ஒப்பிட்டார்கள். கிழக்கே போன கடிகாரங்கள் சராசரியாக 59 நானோ வினாடி பின்தங்கியிருந்தன. மேற்கே போனவை 273 நானோ வினாடி முந்தியிருந்தன. ஒரு நானோ வினாடி என்பது ஒரு வினாடியை நூறு கோடியாகப் பிரித்தால் கிடைக்கும் ஒரு பங்கு. மாற்றம் மிகச் சிறியது. ஆனால் ஐன்ஸ்டைனின் கணக்கோடு அது ஒத்துப்போனது.

எடுத்துச் சென்ற கடிகாரங்களைத் தயாரித்தது ஹியூலெட்-பேக்கர்ட் நிறுவனம். அடுத்த ஆண்டு, 1972இல், பாயான் லெப்பாஸ் தடையற்ற வாணிப வட்டாரத்தில் முதலில் கால்வைத்த எட்டு நிறுவனங்களில் அதுவும் ஒன்று. இன்டெல்லும் அதே ஆண்டில்தான் வந்தது. பாயான் பாருவிலிருந்து கேட்கும் தூரத்தில் விமானங்கள் ஏறி இறங்குகின்றன. அவற்றில் பயணம் செய்பவரின் கைக்கடிகாரமும் நம்முடையதும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை என்பதை நினைத்துக்கொண்டு அடுத்த முறை வானத்தைப் பாருங்கள்.

இந்தச் சிறு வித்தியாசத்தைக் கண்டுகொள்ளாமல் விட்டால் என்ன ஆகும்? உங்கள் வீட்டுக்கு நாசி கண்டார் கொண்டு வரும் இளைஞர் வழி தவறிப் போவார். அவர் கைப்பேசி பார்க்கும் ஜி.பி.எஸ். துணைக்கோள்கள் ஏறத்தாழ 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றுகின்றன. வேகத்தால் அவற்றின் கடிகாரம் நாளொன்றுக்கு 7 மைக்ரோ வினாடி பின்தங்குகிறது. ஈர்ப்பு குறைவாக இருப்பதால் 45 மைக்ரோ வினாடி முந்துகிறது. கழித்தால் 38 மைக்ரோ வினாடி முன்னால் ஓடுகிறது. பொறியாளர்கள் இதற்கு முன்கூட்டியே ஈடுகட்டிவிடுகிறார்கள். ஈடுகட்டாவிட்டால் ஒரே நாளில் வரைபடம் பத்துக் கிலோமீட்டருக்கு மேல் பிசகிவிடும்.

2010இல் அமெரிக்காவின் தேசியத் தர, தொழில்நுட்பக் கழகம் இன்னும் நுட்பமான கடிகாரங்களைக் கொண்டு ஒரு சோதனை செய்தது. ஒரு கடிகாரத்தை மற்றொன்றைவிட 33 சென்டிமீட்டர் உயர்த்தி வைத்தபோதே, உயரத்தில் இருந்தது வேகமாக ஓடியது அளவிடப்பட்டது. அப்படியென்றால் நம் காலைவிடத் தலைக்கு வயது கொஞ்சம் அதிகம்!

ஊட்டி மலையில் இருக்கும் கருவி

தமிழ்நாட்டின் ஊட்டியில், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,200 மீட்டர் உயரத்தில், டாட்டா அடிப்படை ஆய்வு நிறுவனத்தின் அண்டக்கதிர் ஆய்வகம் இருக்கிறது. அங்கே இந்திய, ஜப்பானிய விஞ்ஞானிகள் சேர்ந்து நடத்தும் கிரேப்ஸ்-3 என்ற சோதனையில் 'மியூவான் தொலைநோக்கி' ஒன்று இயங்குகிறது. பரப்பு 560 சதுர மீட்டர். நாம் நினைக்கும் குழல் தொலைநோக்கி போல அது இருக்காது. கட்டடங்களுக்குள் தடித்த கான்கிரீட்டுக்குக் கீழே வரிசை வரிசையாக அடுக்கப்பட்ட 3,712 இரும்புக் குழாய்கள்தாம் அந்தத் தொலைநோக்கி.

மியூவான் என்பது மின்னணுவைப் போன்ற, ஆனால் அதைவிட ஏறத்தாழ 207 மடங்கு கனமான ஒரு துகள். விண்வெளியிலிருந்து வரும் அண்டக்கதிர்கள் வளிமண்டலத்தின் மேற்பகுதியில் மோதும்போது அது உருவாகிறது. அதன் சராசரி ஆயுள் 2.2 மைக்ரோ வினாடி மட்டுமே. ஒளியின் வேகத்திலேயே பறந்தாலும் அந்த நேரத்தில் 660 மீட்டர்தான் போக முடியும். அது பிறப்பதோ தரையிலிருந்து பத்துப் பதினைந்து கிலோமீட்டர் உயரத்தில். அப்படியானால் ஒன்றுகூடத் தரையை எட்டக் கூடாது என்று தோன்றும்.

ஆனால் ஊட்டியில் நாளொன்றுக்கு ஏறத்தாழ 400 கோடி மியூவான்கள் பதிவாகின்றன. கடல் மட்டத்தில் இருக்கும் நம் உள்ளங்கை வழியாகவும் வினாடிக்கு ஒன்று என்ற கணக்கில் அவை கடந்துகொண்டிருக்கின்றன. எப்படி? ஒளிவேகத்தில் 99.8 விழுக்காடு வேகத்தில் பறக்கும் மியூவானின் காலம், நம் பார்வையில் ஏறத்தாழ 16 மடங்கு மெதுவாக ஓடுகிறது. 660 மீட்டர் பயணம் பத்துக் கிலோமீட்டராக நீள்கிறது. 1941இல் புரூனோ ரோஸி, டேவிட் ஹால் இருவரும் அமெரிக்க மலைப்பகுதியில் வெவ்வேறு உயரங்களில் மியூவான்களை எண்ணி இதை முதலில் காட்டினார்கள்.

ஊட்டி விஞ்ஞானிகள் இந்தத் துகள்களைக் கருவியாகவே பயன்படுத்துகிறார்கள். 2014 டிசம்பர் 1ஆம் தேதி ஊட்டிக்கு மேலே வந்த இடிமேகம் ஒன்று மியூவான்களின் எண்ணிக்கையைக் குறைத்தது. அந்தக் குறைவை வைத்து மேகத்துக்குள் 130 கோடி வோல்ட் மின்னழுத்தம் இருந்ததைக் கணக்கிட்டு, 2019இல் வெளியிட்டார்கள். காலம் நீண்டதால் மட்டுமே தரைக்கு வந்து சேர்ந்த துகள்கள், மின்னல் மேகத்தின் உள்ளே என்ன நடக்கிறது என்று சொல்லிவிட்டுப் போயின.

பின்னோக்கிப் போக முடியுமா?

மூன்றாவது கருவிக்கும் நம் இரண்டு கேள்விகளைக் கேட்போம். அது எதை மாற்றுகிறது? காலத்தின் ஓட்டத்தையே மாற்றுகிறது. விலை? மிகப் பெரிய வேகம் அல்லது மிகப் பெரிய ஈர்ப்பு. கென்னடி படால்கா என்ற ரஷ்ய விண்வெளி வீரர் பல பயணங்களில் மொத்தம் 879 நாள்கள் விண்வெளியில் இருந்தார். அவ்வளவு காலம் இருந்தும், தரையில் இருந்தவர்களைவிட அவர் ஏறத்தாழ 0.02 வினாடிதான் இளமையாக இருக்கிறார்.

இன்னொரு வரம்பும் உண்டு. இந்தக் கருவிகள் அனைத்தும் ஒரே திசையில்தான் வேலை செய்கின்றன. நம் புராணத்தில் ககுத்மி என்ற அரசர் தம் மகளுக்கு வரன் கேட்கப் பிரம்மாவின் உலகத்துக்குப் போவார். சிறிது நேரம் காத்திருந்துவிட்டுக் கேட்டால், பூமியில் பல யுகங்கள் கடந்துவிட்டன என்று பிரம்மா சொல்வார். எதிர்காலத்துக்கு இப்படித் தாவுவதை இயற்பியல் தடுக்கவில்லை. ஆனால் விட்டு வந்த காலத்துக்கு ககுத்மி திரும்பிப் போகவில்லை. அந்த வழியை இதுவரை யாரும் கண்டதில்லை.

இயற்பியலாளர் ஸ்டீபன் ஹாக்கிங் இதை வேடிக்கையாகச் சோதித்தார். 2009 ஜூன் 28ஆம் தேதி காலப் பயணிகளுக்காக ஒரு விருந்து ஏற்பாடு செய்தார். பலகாரங்களும் பானங்களும் வைத்துக் காத்திருந்தார். அழைப்பிதழை விருந்து முடிந்த பிறகுதான் வெளியிட்டார். எதிர்காலத்திலிருந்து பின்னோக்கி வரத் தெரிந்தவர் மட்டுமே அந்த விருந்துக்கு வர முடியும். ஒருவரும் வரவில்லை.

கதை எழுதும் ஆர்வம் உள்ளவர்களே, இதனால் சோர்ந்துவிட வேண்டாம். உங்கள் கற்பனை உலகில் புதுக் காலக் கருவி ஒன்றைத் தாராளமாகப் படையுங்கள். முதல் பக்கத்தை எழுதுவதற்கு முன் அந்த இரண்டு கேள்விகளுக்கும் பதில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கருவி எதை மாற்றும்? விலையை யார் கொடுப்பார்? பதில் தெளிவாக இருந்தால் கதை தானாக நகரும். வாதப் போட்டிக்குத் தலைப்புத் தேடும் மாணவர்களுக்கும் ஒன்று இருக்கிறது: 'தீபகற்ப மலேசியாவில் இடைநிலைப்பள்ளிகள் காலை 8.30க்குத் தொடங்க வேண்டும்.' இரு பக்கமும் பேசுவதற்கு வேண்டிய செய்திகள் மேலே இருக்கின்றன.

பாயான் பாருவின் அந்த இருட்டு விடியலில் வேனுக்குக் காத்திருக்கும் மாணவருக்கு எந்தக் கைக்கடிகாரமும் ஒரு மணி நேரத்தைத் திருப்பித் தராது. அட்டவணை மாறும் வரை அந்த ஒரு மணி நேரம் ஓரிடத்தில்தான் கிடைக்கும். அது முந்தைய இரவு. இன்றிரவு பத்து மணிக்குக் கைப்பேசியை வேறோர் அறையில் வைத்துவிட்டு விளக்கை அணைத்துப் பாருங்கள். நாளைக் காலை வேன் அதே இருட்டில்தான் வந்து நிற்கும். ஆனால் அதில் ஏறும்போது நீங்கள் விழித்திருப்பீர்கள்.